வெடித்த சமையலறை

வீட்டு வேலையைப் பொருளாகக் கொண்ட படைப்பு எதனைக் கண்டாலும், ‘இதில் சமூகம் எங்கே?’ என வினவும் முற்போக்கு நண்பர்கள் எம்மிடையே உளர். பெல்ஜிய நெறியாளர் ஷாந்தால் அக்கர்மான் 1968 இல், தமது 18 ஆவது வயதில், தாமே நடித்து ஆக்கிய ‘வெடித்துப் போ, என் நகரமே’ என்னும் 13 நிமிடக் கறுப்பு வெள்ளைப் படத்தை அவர்கள் ஒருமுறை பார்த்தல் வேண்டும்.

கதை என்று சொல்லத்தக்கது யாதுமில்லை. பூங்கொத்துடன் மாடிக் கட்டடமொன்றில் ஓடி ஏறும் இளம்பெண் சமையலறைக்குள் நுழைகிறாள், சமைத்து உண்கிறாள், கதவின் இடுக்குகளை ஒட்டுநாடாவினால் அடைக்கிறாள், பாத்திரங்களைத் தரையிலே கொட்டி நீரை இறைத்துக் கழுவுகிறாள். சப்பாத்தைத் துலக்கத் தொடங்கிய தூரிகை சப்பாத்தோடு நில்லாது அவளது காலின்மீதும் ஏறுகிறது. ஈற்றில் வாயு அடுப்பைத் திறந்து, பூக்களைப் பற்றியவாறு அதன்மீது சாய்கிறாள். திரை இருள்கிறது, வெடியோசை மட்டும் கேட்கிறது.

தூரிகை காலில் ஏறும் அக்கணமே படத்தின் உயிர். முதலிற் சிரிப்புத்தான் வருகிறது, நானும் சிரித்தேன். ஆனால் துலக்குபவளுக்கும் துலக்கப்படும் பொருளுக்கும் இடையிலிருந்த வேறுபாடு அங்கே அழிந்துவிட்டது. வேலையைச் செய்தவள் வேலைக்குரிய பொருளாகிவிட்டாள். தொழிலாளி உழைக்காத வேளையிலேதான் தன் வீட்டில் இருப்பதாய் உணர்கிறான் என்ற கருத்தை மார்க்ஸ் 1844 இல் எழுதிய கையெழுத்துப் படிகளிலே காணலாம். வீடே தொழிற்களமாய் அமைந்தவள் அவ்வுணர்வைப் பெற எங்கே போவாள்? அந்நியமாதலைப் போதிக்கும் ஆசிரியர்களாகிய நாம் ஆலையையே உதாரணங் காட்டுகிறோம். பாடக்குறிப்பை எழுதுகையில் எமக்குத் தேநீர் வந்த அறை நினைவுக்கு வருவதில்லை.

படம் நெடுக அவள் முணுமுணுக்கும் மெட்டு அவளது உதடுகளோடு பொருந்துவதில்லை. குரலும் உடலைவிட்டு விலகி நிற்கிறது. இதனைத் தொழில்நுட்பக் குறையென்று தள்ளிவிட முடியாது.

எனினும் படத்தை முற்றாக ஏற்கவும் என்னால் இயலவில்லை. தலைப்பு வெடிக்கச் சொல்வது நகரத்தை. வெடிப்பதோ அவளது உடல். அயல்வீட்டுக் கதவைத் தட்டும் எண்ணம் அவளுக்கு வரவேயில்லை. பாரிஸ் வீதிகளிலே மாணவரும் தொழிலாளரும் திரண்ட அதே ஆண்டில் பிறந்த படம் என்பதால் இத்தனிமை மேலும் உறுத்துகிறது.

அக்கர்மானும் அங்கே நின்றுவிடவில்லை. 1975 இல் அவர் ஆக்கிய ‘ஜான் டீல்மான்’ 201 நிமிடம் ஓடுவது. உருளைக்கிழங்கின் தோல் சீவுவதைக்கூட அவசரமின்றிக் காட்டும் அப்படத்திலும் வன்முறை உண்டு. ஆனால் கத்தரிக்கோல் அங்கே அப்பெண்ணை நோக்கித் திரும்புவதில்லை.