சிரிக்க வைக்காத சிரிப்புக்காரர்

1975 அக்டோபர் 11. 'சாட்டர்டே நைட் லைவ்' என்று பின்னால் பேர்வாங்கிய அமெரிக்கத் தொலைக்காட்சி நிகழ்ச்சியின் முதல் இரவு. ரெக்கார்டு பிளேயர் பக்கத்தில், கையை எங்கே வைப்பதென்று தெரியாமல் ஒரு ஆள் நிற்கிறார். கார்ட்டூன் பாட்டு ஒன்று ஓடுகிறது. அவர் பாடவில்லை, முழிக்கிறார். நாயகன் தன் வருகையை அறிவிக்கும் அந்த ஒற்றை வரிக்கு மட்டும் கையை வீசி வாயசைக்கிறார். மறுபடியும் முழிப்பு. அவ்ளோதான். சனம் விழுந்து விழுந்து சிரித்தது.

அவர் ஆண்டி காஃப்மன் (1949-1984). நியூயார்க்கில் பிறந்த யூதர். ஜோக் சொல்லாமலே மேடையில் நின்றவர்.

அவருடைய 'அந்நிய மனிதன்' என்ற பாத்திரத்தைத்தான் நாம் உற்றுப் பார்க்க வேண்டும். இல்லாத தீவு ஒன்றிலிருந்து வந்தவன். உடைந்த ஆங்கிலம், நடுங்கும் குரல். ஜனாதிபதி கார்ட்டரைப் போலப் பேசிக் காட்டுகிறேன் என்பான். அதே குரலில்தான் பேசுவான். ஐயோ பாவம் என்று கூட்டம் நெளியும். சிலர் நக்கலாகச் சிரிப்பார்கள். திடீரென்று முதுகைக் காட்டித் திரும்பி, தலையைச் சீவி, எல்விஸ் பிரஸ்லியாக மாறுவான். அச்சு அசல் எல்விஸ்! பாடி முடித்ததும் பழைய நடுங்கும் குரலில் ஒரு நன்றி. இவ்வளவு நேரம் யாரைப் பார்த்துச் சிரித்தோம்? கேள்வி சிரித்தவன் பக்கம் திரும்பிவிடுகிறது. பேச்சு வழக்குக்காக வகுப்பறையில் சிரிக்கப்பட்ட நமக்கு அந்த நிமிஷத்தின் ருசி தெரியும். (அந்த எல்விஸே கறுப்பர்களின் இசையில் வளர்ந்தவர் என்பது இன்னொரு கதை.)

ஆனால் அதே அந்நியனை 1978-இல் 'டாக்ஸி' தொடர் லாட்கா என்ற மெக்கானிக் ஆக்கியது. திருப்பி அடிக்கும் எல்விஸ் காணாமல் போனார்; உச்சரிப்பு மட்டும் வாராவாரம் சிரிப்புக்கு மிஞ்சியது. கேலியைப் புரட்டிப்போட்ட பாத்திரம் கேலிக்கே தீனியாயிற்று.

இதைவிட எனக்கு உறுத்துவது மெம்ஃபிஸ். பெண்களோடு மல்யுத்தம் போட்டு, அவர்கள் இடம் அடுக்களைதான் என்று வம்பிழுத்தார். 1982-இல் ஜெர்ரி லாலர் என்ற மல்யுத்த வீரரோடு மோதல். அப்போது தென்மாநிலத்தாருக்கு வீடியோவில் பாடம் எடுத்தார்: இதுதான் சோப்பு, இப்படித்தான் கழுவணும். எல்லாம் வேஷம், லாலரும் கூட்டாளிதான் என்று பிற்பாடு தெரிந்தது. இருக்கட்டும். ஒரு சனத்தைப் பார்த்து 'அழுக்கு' என்பது வேஷத்தில் சொன்னாலும் அழுக்கு என்பதுதான். அந்த வசவின் வயசு நமக்குத் தெரியும். அந்நியனாக நின்றபோது தன்னையே பணயம் வைத்தார்; சோப்பைத் தூக்கியபோது வைத்தது அடுத்தவனின் மானத்தை. அவரைக் கொண்டாடுகிற விமர்சகர்கள் இரண்டையும் ஒரே 'கலகம்' என்று எழுதுகிறார்கள். எனக்கு ஒப்பவில்லை.

1982 நவம்பரில் அதே நிகழ்ச்சி, இவர் இனி வரலாமா என்று தொலைபேசியில் ஓட்டுக் கேட்டது. வேண்டாம் என்றவர்கள் 1,95,544. வேண்டும் என்றவர்கள் 1,69,186. அதற்குப் பிறகு அந்த மேடையில் அவர் நேரில் ஏறவில்லை. 1984 மே 16-இல் நுரையீரல் புற்றுநோயில் இறந்தபோது வயது 35. அதையும் வேஷம் என்றே பலர் நம்பினார்கள்.