பந்து வருமுன்

2011 ஜூலை 10, ஜெர்மனியின் ட்ரெஸ்டன் நகரம். பெண்கள் உலகக் கோப்பைக் காலிறுதி. பிரேசிலிடம் அமெரிக்கா 1-2 என்று பின்தங்கி நிற்கிறது. சிவப்பு அட்டையால் ஒருவர் வெளியேற, கிட்டத்தட்ட ஒரு மணி நேரமாகப் பத்துப் பேர்தான் ஆடுகிறார்கள். கூடுதல் நேரமும் தீர்ந்துவிட்டது. நடுவர் சேர்த்துக் கொடுத்த நிமிடங்களும் கரைகின்றன. இடது ஓரத்தில் மேகன் ரபினோவிடம் பந்து வருகிறது. சில அடி ஓடிய அவர், தலை நிமிர்ந்து பார்த்து, இடது காலால் உயர்த்தி அடிக்கிறார். அந்த கிராஸ் பிரேசிலின் தற்காப்புக்காரர்களையும் கோல் கீப்பரையும் தாண்டித் தூரக் கம்பத்தருகே இறங்குகிறது. அங்கே ஆப்பி வாம்பாக். தலையால் ஒரே முட்டு. 122ஆவது நிமிடத்தில் 2-2. பிறகு பெனால்டியில் 5-3 என்று அமெரிக்கா வென்றது.

இந்தக் கோலை நான் எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். முதலில் வாம்பாக்கின் தலையைத்தான் ரசித்தேன். பிறகு ரபினோவின் காலை. இப்போது ரசிப்பது வேறொன்றை. ரபினோ அன்று தொடக்கப் பதினொருவரில் இல்லை. 55ஆவது நிமிடத்தில் மாற்று ஆட்டக்காரராக இறங்கியவர். அந்தக் கால் அந்த நேரத்தில் அந்த ஓரத்தில் இருந்ததற்குக் காரணமானவர் கோட்டுக்கு வெளியே நின்றிருந்தார். அவர் பயிற்சியாளர் பியா சுண்ட்ஹாகே.

முன்கள ஆட்டக்காரரை நாம் கோல் எண்ணிக்கையால் அளக்கிறோம். முன்பு முன்கள ஆட்டக்காரராக இருந்த பியாவுக்கும் எண்ணிக்கை உண்டு. ஸ்வீடனுக்காக 146 ஆட்டங்கள், 71 கோல்கள். ஆனால் கோல் என்பது கடைசியில் நடப்பது. பந்து வந்த பிறகு எல்லோரும்தான் ஓடுகிறார்கள். பந்து வருமுன், அது எங்கே வரும் என்று கண்டு, அங்கே போய் நிற்பதுதான் முன்களக் கலை. ஆளில்லாத இடத்தைப் பார்க்கும் கண் அது. பியாவின் வாழ்க்கையை அந்தக் கண்ணின் கதையாகவே நான் படிக்கிறேன்.

1960இல் ஸ்வீடனின் உல்ரிசேஹாமில் பிறந்தவர். சிறுமியாக இருந்தபோது பெண்பிள்ளைகளுக்கு அணியே இல்லை. அவருடைய பயிற்சியாளர் ஒரு வழி கண்டார். பியாவை ‘பெல்லே’ ஆக்கினார். அது ஸ்வீடனில் பையன்களைக் கூப்பிடும் செல்லப் பெயர். பெயரை மாற்றிக்கொண்டு பையன்களோடு ஆடினாள் அந்தச் சிறுமி. அவளுக்கு வாழ்க்கையில் கிடைத்த முதல் இடமே இப்படி இல்லாத இடத்தில் உண்டாக்கப்பட்டது. 1975இல், 15 வயதில், சொந்தப் பெயரிலேயே நாட்டுக்காக ஆடத் தொடங்கினாள்.

1984இல் பெண்களுக்கான முதல் ஐரோப்பியப் போட்டி. ஒரு பாதிக்கு 35 நிமிடம், வழக்கத்தைவிடச் சின்னப் பந்து. பெண்களால் இவ்வளவுதான் முடியும் என்று யாரோ முடிவு கட்டி வைத்திருந்த காலம். இறுதிப் போட்டி இரண்டு ஆட்டங்களாக நடந்தது. கோத்தன்பர்க்கில் பியா போட்ட ஒரே கோலால் ஸ்வீடன் வென்றது. இங்கிலாந்தின் லூட்டனில் மழை, மைதானம் சேறாகிவிட்டது. அங்கே இங்கிலாந்து 1-0. முடிவு பெனால்டிக்குப் போயிற்று. ஸ்வீடனின் கடைசி உதையை எடுக்க வந்தவர் பியா. ஊன்றும் கால் வழுக்கக்கூடிய தரை, பந்திலும் சேறு. பந்து வலைக்குள் போயிற்று. 4-3. அந்தப் போட்டியில் அதிக கோல் போட்டவரும் அவர்தான். நான்கு ஆண்டுகளில் ஸ்வீடன் அவர் உருவத்தை அஞ்சல் தலையில் அச்சிட்டது. பெல்லே என்று ஒளித்து வைக்கப்பட்ட பெண்ணின் முகம் வீடு வீடாகப் போயிற்று.

1991இல் சீனாவில் முதல் உலகக் கோப்பை. காலிறுதியில் போட்டி நடத்தும் சீனாவோடு மோதல். மூன்றாவது நிமிடத்திலேயே பியா கோல் போட்டார். மீதி ஆட்டம் முழுவதும் அந்த ஒரு கோலே தாங்கியது. ஸ்வீடன் வெண்கலம் பெற்றது.

2007 இறுதியில் அமெரிக்க அணி அவர் கைக்கு வந்தது. அது மனம் உடைந்திருந்த அணி. அந்த ஆண்டு உலகக் கோப்பை அரையிறுதியில் பிரேசிலிடம் 0-4 என்று தோற்றிருந்தது. அரையிறுதிக்குக் கோல் கீப்பரை மாற்றியதால் ஆட்டக்காரர்களுக்குள்ளேயே கசப்பு. புதுப் பயிற்சியாளர் முதல் கூட்டத்தில் கரும்பலகையில் அம்புக்குறி போடவில்லை. காலம் மாறுகிறது என்னும் பாப் டிலனின் பாட்டைப் பாடினார். கச்சேரிக்கு முன் தம்பூராவில் சுருதி கூட்டுவதைப் போன்ற செயல் இது. சுருதி சேராமல் எந்த ராகமும் நிற்காது. பழைய கசப்புக்கும் புது ஆட்டத்துக்கும் நடுவே ஆளில்லாமல் கிடந்த இடத்தை அவர் கண்டார். பந்தைத் தொடுவதற்கு முன்பே அங்கே போய் நின்றார்.

சில மாதங்களில் பெய்ஜிங் ஒலிம்பிக். முதல் ஆட்டத்தின் நான்காவது நிமிடத்துக்குள் நார்வே இரண்டு கோல் போட்டுவிட்டது, அமெரிக்கா தோற்றது. அந்த அணிதான் இறுதியில் பிரேசிலைக் கூடுதல் நேரத்தில் 1-0 என்று வென்று தங்கம் வாங்கியது. 2012இல் லண்டனில், வெம்பிளி மைதானத்தில் 80,203 பேர் பார்க்க, ஜப்பானை வென்று மீண்டும் தங்கம். நடுவே 2011 உலகக் கோப்பை இறுதியில் அதே ஜப்பானிடம் பெனால்டியில் தோல்வி. 1984இல் அவருக்குக் கிரீடம் சூட்டிய பெனால்டிதான் அதைப் பறித்ததும்.

நான் மிகவும் ரசிப்பது 2016 ரியோ. இப்போது அவர் ஸ்வீடனின் பயிற்சியாளர். காலிறுதியில் எதிரே நிற்பது அவரே வளர்த்த அமெரிக்கா. இடத்தைத் திறக்கத் தெரிந்தவருக்கு மூடவும் தெரியும். முன்கள ஆட்டக்காரர் எந்த இடத்துக்கு ஏங்குவார் என்பது அவருக்கு உள்ளங்கை ரேகை. தற்காப்பைப் பின்னே நெருக்கி நிறுத்தி, அந்த இடத்தை அடைத்தார். 1-1, பிறகு பெனால்டியில் வெற்றி. இது கோழை ஆட்டம் என்று சிலர் ஏசினார்கள். எனக்கு இது அதே கண்ணின் மறுபக்கம். அரையிறுதியில், மரக்கானாவில், குழுச் சுற்றில் தங்களை 5-1 என்று நொறுக்கிய பிரேசிலையும் கோலே விடாமல் நிறுத்திப் பெனால்டியில் வென்றார்கள். இரண்டு ஆட்டத்திலும் முடிவைத் தீர்த்த உதை லிசா டால்க்விஸ்டினுடையது. லூட்டன் சேற்றில் நின்ற பெண் இப்போது கோட்டுக்கு வெளியே நின்று பார்த்தார். இறுதியில் ஜெர்மனியிடம் தோற்று வெள்ளி.

பிறகு பிரேசிலின் பயிற்சியாளர். 2022 கோபா அமெரிக்காவில் ஒரு கோலும் விடாமல் கோப்பை. 2023 உலகக் கோப்பையில் குழுச் சுற்றோடு வெளியேற்றம். இடம் எப்போதும் திறந்துகொடுப்பதில்லை. அடுத்து, சொந்த மண்ணில் ஐரோப்பியப் போட்டியை நடத்தவிருந்த ஸ்விட்சர்லாந்து.

அங்கே பின்லாந்தோடு கடைசிக் குழு ஆட்டம். டிரா செய்தாலே காலிறுதி, தோற்றால் வீடு. 0-1 என்று பின்தங்கிய நிலையில், 92ஆவது நிமிடத்தில் ரியோலா ஜெமாய்லி சமன் செய்தார். வரலாற்றில் முதல் முறையாக ஸ்விட்சர்லாந்து காலிறுதிக்குப் போனது. ஜெமாய்லியும் பியா இறக்கிய மாற்று ஆட்டக்காரர்தான். நாள் 2025 ஜூலை 10. ட்ரெஸ்டனில் ரபினோ பந்தை உயர்த்தி அடித்துச் சரியாகப் பதினான்கு ஆண்டுகள்.