அவையடக்கமும் அச்சமும்

ஈப்போ நகரில் நூல் வெளியீட்டு விழா எதற்குச் சென்றாலும் நாம் தவறாது கேட்கும் ஒரு வாசகம் உண்டு. மேடையேறும் அன்பர், “இப்பேரவையின் முன் நின்று பேசுதற்கு யான் சிறிதும் தகுதியற்றவன்” என்று தொடங்குவார். தகுதியற்றவர் என்று தம்மைத் தாமே கூறிக்கொண்ட அவர், அதன்பின் ஒரு மணி நேரம் குறையாமல் பேசுவார். தலைவர் மணியடித்தாலும் இறங்கார். நூலை எழுதியவரோ, “இது எளியேனின் சிறு முயற்சி, குற்றங்குறைகளைப் பொறுத்தருள்க” என்று முன்னுரையில் அச்சிட்டிருப்பார். அடுத்த திங்களில் எவரேனும் அந்நூலின் குறையொன்றை மெல்ல எடுத்துக்காட்டி எழுதிவிட்டால், அவரோடு பேச்சுவார்த்தையையே முறித்துக்கொள்வார். குறை பொறுக்கும்படி நம்மைக் கேட்டுக்கொண்டவர், குறை கூறியவரைத் தாம் பொறுக்கமாட்டார்! இதனை அடக்கம் என்று கொள்வதா, அடக்கத்தின் போர்வை என்று கொள்வதா என்பதே இன்று நாம் ஆராயப் புகும் பொருள்.

அவையடக்கம் தமிழுக்குப் புதியதன்று. தொல்காப்பியர் செய்யுளியலில் ‘அவையடக்கியல்’ என்று அதற்கொரு பெயரும் இலக்கணமும் வகுத்திருக்கிறார். யாம் வல்லமையின்றிக் கூறினும் நீவிர் அதனை ஒழுங்குபடுத்திக் கொள்வீராக என்று கேட்போர் அனைவரையும் வழிபட்டுக் கூறுவதே அதன் தன்மை. பிற்காலத்துக் காப்பியப் புலவர் பலரும் இம்முறையைப் பின்பற்றினர். சேக்கிழார், தொண்டர் பெருமையைக் கூற முற்படும் தம்மைக் கடலைக் குடித்துவிட ஆசைப்பட்ட ஒரு நாயோடு ஒப்பிட்டுக்கொண்டார். கம்பர், பாற்கடலை முழுதும் நக்கிவிடத் துணிந்த பூனையாகத் தம்மைக் காட்டினார். இசுலாமியப் பெருங்காப்பியமாகிய சீறாப்புராணத்திலும் உமறுப்புலவர் தமது அவையடக்கத்தைப் பாடியிருக்கிறார். சமயம் வேறாயினும் மரபு ஒன்றேயாக நின்றது.

இப்புலவர்கள் உண்மையிலேயே தம்மைச் சிறியர் என்று எண்ணினரா? அப்பூனையைச் சற்று உற்று நோக்குவோம். கரையில் நிற்கும் ஒரு சிற்றுயிர். அதன் எதிரே எல்லையற்ற பால்வெள்ளம். இத்தகைய காட்சியை ஒரே செய்யுளில் எழுப்பிக் காட்டவல்லவன் கவித்திறன் இல்லாதவன் என்று எவர் நம்புவர்? கம்பர் தமது ஆற்றலை மறைக்கவில்லை. சிறியன் என்று சொல்லும் முறையிலேயே அதனைக் காட்டிவிட்டார். எனினும் அது வஞ்சனையன்று. அவர் தம்மைச் சிறியராக்கியது பொருளின் முன்பேயாம். கடல் பெரிது என்பது பொய்யன்று. எப்புலவனும் அதன்முன் சிறியனே. மேலும், தகுதியற்றவன் என்று ஒருமுறை சொல்லிவிட்டு அவர் ஓய்ந்திருக்கவில்லை. பதினாயிரத்துக்கு மேற்பட்ட செய்யுட்களால் அச்சொல்லுக்கு ஈடு செய்தார். அடக்கம் கூறியவன் செய்யவேண்டிய கடன் அதுவே. நம் மேடை அன்பர் முன்பாதியை மட்டும் கம்பரிடம் கடன் வாங்கிக்கொண்டு, பின்பாதியை மறந்துவிடுகிறார்.

நிற்க. தற்புகழ்ச்சி எப்போதுமே குற்றமோ எனின், அன்று. பதின்மூன்றாம் நூற்றாண்டில் சீயகங்கன் வேண்டுகோளுக்கிணங்க நன்னூல் செய்த பவணந்தி முனிவர் இதனை நுட்பமாக வரையறுத்திருக்கிறார். எத்துணைப் புதுமை கண்டவனாயினும், எத்துணைத் துறைகளை முடித்தவனாயினும், தன்னைத் தானே புகழ்தல் தகாது என்பது பொதுவிதி. அதனாலன்றோ நூலாசிரியனைப் புகழும் சிறப்புப்பாயிரத்தை அவன் ஆசிரியன், உடன்பயின்றோன், மாணாக்கன், உரைகாரன் ஆகியோர் பாடவேண்டும் என்றார்! ஆயின் அடுத்த சூத்திரத்திலேயே நான்கு விலக்குகளையும் தந்தார். அரசவைக்கு ஓலை விடுக்கும்போதும், தன் ஆற்றலை அறியாதவரிடையிலும், அவையில் வாதிட்டு வெல்ல வேண்டிய பொழுதும், பிறர் தன்னைப் பழித்தவிடத்தும் புலவன் தன்னைப் புகழ்ந்துகொள்ளலாம். இந்நான்கையும் சேர்த்துப் பார்த்தால் ஒன்று விளங்கும். ஒருவனுடைய மதிப்பு மறுக்கப்படும் இடத்தில், வாய்மூடி நிற்பது அடக்கமாகாது என்பதே அவ்விலக்குகளின் உட்கிடை.

இதற்கு ஏற்ற எடுத்துக்காட்டு பாரதியாரிடம் உண்டு. கடையத்தில் வறுமையோடு வாழ்ந்த நாளில், 1919-ஆம் ஆண்டில், எட்டயபுரம் சமீன்தாருக்குச் செய்யுளால் ஓலை விடுத்தார். உதவி வேண்டி எழுதிய ஓலைதான். ஆயினும் அதில் கெஞ்சல் இல்லை. தமிழ்நாட்டிற்குக் கவியரசர் இல்லை என்னும் பழி தம்மால் நீங்கிற்று என்றே பாடினார். கையேந்தி நிற்பவன் இப்படியும் பேசலாமோ என்று சிலர் முகஞ்சுளிப்பர். பவணந்தியாரோ முகஞ்சுளித்திருக்கமாட்டார். பாரதியார் செய்தது இலக்கணம் தந்த உரிமையைப் பயன்படுத்தியதே. பணம் உள்ள இடத்தின் முன் கலை தாழக்கூடாது என்பதை அறிந்தே, தாழ்ந்து பேசவேண்டிய இடத்தில் அவர் நிமிர்ந்து பேசினார்.

ஆகவே அடக்கத்தில் மூவகை உண்டு என்று நாம் கூறுவோம். பொருளின் பெருமைக்கு முன் அடங்குதல் ஒன்று. அறிந்தோர் அவைக்கு முன் அடங்குதல் மற்றொன்று. அதிகாரத்தின் முன் அடங்குதல் மூன்றாவது. முன்னிரண்டும் பண்பு. மூன்றாவதற்கு அடக்கம் என்று பெயரிட்டது நம் நாட்டார் செய்த பெரும்பிழை. அதன் உண்மைப் பெயர் அச்சம்.

பேராக் மாநிலத்துத் தோட்டங்களில் பிறந்து வளர்ந்த வாசகருக்கு இதனை நாம் விரித்துரைக்கவேண்டுவதில்லை. விடியுமுன் பெரட்டுக் களத்தில் நின்ற பாட்டன்மார், துரையின் கார் வரும் ஓசை கேட்டதும் தோளிலிருந்த துண்டை எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டனர். கிராணியின் முன் செருப்பைக் கழற்றினர். சைக்கிளில் செல்வோர் இறங்கி ஒதுங்கி நின்றனர். “நல்ல அடக்கமான ஆள்” என்று அவர்களுக்கு நற்சான்று கிடைத்தது. அவ்வடக்கத்தின் விலை என்ன என்பதை 1941-ஆம் ஆண்டில் சிலாங்கூரின் கிள்ளான் வட்டாரத்துத் தோட்டத் தொழிலாளர் உலகிற்கு உணர்த்தினர். ஆர். எச். நாதன் முன்னின்ற அவ்வேலைநிறுத்தத்தில், சீனத் தொழிலாளருக்கு நிகரான கூலி, பிள்ளைகளுக்குத் தக்க கல்வி, கள்ளுக்கடைகளை மூடுதல் ஆகிய கோரிக்கைகளோடு மற்றொன்றும் இருந்தது. ஐரோப்பியர் முன்னும் ஆசிய அலுவலர் முன்னும் சைக்கிளை விட்டு இறங்காமலே செல்லும் உரிமை வேண்டும் என்பதே அது!

கூலி உயர்வைக் கேட்டவன் சைக்கிளைப் பற்றி ஏன் கேட்டான்? வயிற்றுக்கும் முதுகெலும்புக்கும் உள்ள தொடர்பை அவன் அறிந்திருந்தான். இறங்கி நிற்கப் பழகியவனுக்குக் கூலி கேட்க வாய் எழாது. அவ்வேலைநிறுத்தம் படையைக் கொண்டு அடக்கப்பட்டது, உயிர்கள் பலியாயின, நாதன் கைதாகி நாடு கடத்தப்பட்டார். எனினும் அக்கோரிக்கையை நாம் நம் இலக்கிய வரலாற்றிலும் எழுதிவைக்கவேண்டும் என்போம். அடக்கம் எது, அச்சம் எது என்று பிரித்துக் காட்டிய உரை அது. சைக்கிளில் அமர்ந்தபடியே எதிர்ப்பட்டவருக்கு வணக்கம் சொல்வதை அத்தொழிலாளர் மறுக்கவில்லை. கட்டாயத்தால் இறங்குவதையே மறுத்தனர்.

திருவள்ளுவர் இதனை நன்குணர்ந்திருந்தார். அடக்கமுடைமை என்னும் பதின்மூன்றாம் அதிகாரத்தில், பணிவு எல்லார்க்கும் நன்று எனினும் செல்வருக்கே அது மேலும் ஒரு செல்வமாகும் என்று கூறினார். பணிவைச் சிறப்பாக அவர் எதிர்பார்த்தது உடையவனிடத்தில். நாமோ அதனை இல்லாதவனிடத்தில் வற்புறுத்துகிறோம். உடையவன் நிமிர்ந்து நடந்தால் கம்பீரம் என்கிறோம். இல்லாதவன் நிமிர்ந்தால் திமிர் என்கிறோம். ஆண் உரக்கப் பேசினால் சொல்வன்மை. பெண் உரக்கப் பேசினால் அடக்கமின்மை! குறளில் அடக்கமுடைமைக்கு ஓர் அதிகாரம் இருப்பதுபோலவே, அவையஞ்சாமைக்கும் ஓர் அதிகாரம் உண்டென்பதை நம் அறிவுரையாளர் வசதியாக மறந்துவிடுகின்றனர்.

சில ஆண்டுகளுக்கு முன் சுங்கை சிப்புட் பக்கம் பழைய ரப்பர்த் தோட்டம் ஒன்றிற்குச் சென்றிருந்தோம். ரப்பர் மரங்கள் போய்ச் செம்பனை நிற்கிறது. லயன் வீடுகளிற் பெரும்பாலானவை காலி. அங்கு எஞ்சியிருந்த மூதாட்டியார் ஒருவரிடம், பால்வெட்டுக் காலத்துப் பாடல்கள் ஏதும் நினைவுண்டோ என்று கேட்டோம். “எனக்கு என்னங்கய்யா தெரியும்? நான் படிக்காதவ” என்றார். மீண்டும் கேட்டோம், தயங்கினார், பிறகு பாடத் தொடங்கினார். தாலாட்டும், ஒப்பாரியும், கங்காணியை எள்ளும் கேலிப்பாட்டுமாக மழைபோல் பொழிந்தன. முடிந்ததும், “இதெல்லாம் எழுதி வைக்கிற பாட்டா, ஐயா?” என்று கேட்டுச் சிரித்தார்.

அன்று முதல் அக்கேள்வி நம்மை விட்டு நீங்கவில்லை. “எனக்கு என்ன தெரியும்” என்ற அவர் சொல்லும், கம்பரின் பூனையும் மேற்பார்வைக்கு ஒன்றுபோலவே தோன்றும். இருவரும் தெரியாது என்றனர். இருவரும் பின்னர்த் திறம் காட்டினர். ஆயினும் வேற்றுமை பெரிது. கம்பர் விரும்பினால் வேறுவிதமாகவும் தொடங்கியிருக்கலாம்; அடக்கம் அவர் தேர்ந்துகொண்ட அணி. இம்மூதாட்டியாருக்கு அவ்வுரிமை இருந்ததில்லை. அச்சொல்லை அவருக்குக் கற்பித்தது பெரட்டுக் களம். தேர்ந்துகொள்ளும் உரிமையுள்ளவனிடத்தில்தான் அடக்கம் அறமாகும். அவ்வுரிமை இல்லாதவரிடத்தில் அது வெறும் வடு. அவ்வடுவை நாம் பண்பாடு என்று போற்றிக்கொண்டிருந்தமையால், அவர்போன்றோர் எத்தனை பேருடைய பாடல்கள் எழுதப்படாமலே அவர்களோடு மண்ணுக்குள் சென்றனவோ!

“அங்ஙனமாயின் எல்லாரும் தருக்கித் திரியவேண்டுமோ?” என்று வினவும் அன்பருக்கு நம் விடை இது. வேண்டியதில்லை. தருக்கினால் கெடுவது முதலில் எழுத்தே. தன் குறையைக் காணாதவன் வளரமாட்டான். 1950-ஆம் ஆண்டில் ‘தமிழ் நேசன்’ இதழில் சுப. நாராயணனும் பைரோஜி நாராயணனும் கதை வகுப்பு நடத்தியபோது, இந்நாட்டு இளைஞர்கள் தம் கதைகளை அனுப்பித் திருத்தங்களை ஏற்றுக் கற்றனர். முன்னுரையில் பொறுத்தருள்க என்று எழுதுவதினும், திருத்துக என்று எழுத்தைக் கையில் கொடுப்பதே மெய்யான அவையடக்கம். தொல்காப்பியர் கூறியதும் அதுவன்றோ? கேட்போர் ஒழுங்குபடுத்திக் கொள்ளட்டும் என்றாரேயன்றி, கேட்போர் வாய்திறக்கக்கூடாது என்று அவர் கூறவில்லை.

ஆதலின் நம் எழுத்தாளருக்கு நாம் கூறுவது ஒன்று. அடக்கத்தை முன்னுரையில் வைக்காதீர், நூலுக்குள் வையுங்கள். மும்முறை திருத்திய வரியில் அது தெரியட்டும். நீங்கள் ஆராய்ந்தறியாத செய்தியை எழுதாது விட்டதில் தெரியட்டும். குறை கூறியவரிடம், “எந்தப் பக்கம்?” என்று கேட்கும் குரலில் தெரியட்டும். அதிகாரியின் முன்னும், நன்கொடையாளர் முன்னும், மாலைக்கும் பொன்னாடைக்கும் முன்னும் அதனைச் செலவிடாதீர். அங்கு வேண்டுவது பாரதியாரின் ஓலை.

தோட்டத்துப் பாட்டிமாரின் பேரப்பிள்ளைகளுக்கு மற்றொன்று கூறுவோம். அடுத்தமுறை வீட்டிற்குச் செல்லும்போது ஒரு குறிப்பேட்டை எடுத்துச் செல்லுங்கள். “எனக்கு என்ன தெரியும்” என்று பாட்டியார் சொல்வார். அதனை அவையடக்கம் என்றே எண்ணிக்கொண்டு, அடுத்து வரும் காப்பியத்திற்குக் காத்திருங்கள். அவர் பாடியதை எழுதுங்கள். கீழே அவர் பெயரையும் எழுதுங்கள். எழுதி வைக்கிற பாட்டா என்று அவர் கேட்ட கேள்விக்கு விடை அதுவே.