காலத்தைத் திருத்தும் ஆபீஸ்: ஆனைக்குட்டத்திலிருந்து ஒரு வாசிப்பு

ஐசக் அசிமோவ் 1955இல் எழுதிய 'தி எண்ட் ஆஃப் எடர்னிட்டி' நாவலில் காலத்துக்கு வெளியே ஒரு நிறுவனம் இயங்குகிறது. அதன் பெயர் எடர்னிட்டி, நித்தியம். அங்குள்ளவர்கள் நூற்றாண்டு நூற்றாண்டாகப் போய்ப் பார்க்கிறார்கள். அழிவு எங்கே தலைகாட்டுகிறதோ அங்கே கைவைத்துத் திருத்துகிறார்கள். செய்வது சின்ன வேலைதான். ஹார்லன் ஒரு வண்டியின் கிளட்சைக் கெடுக்கிறான். ஓர் இளைஞனுக்கு ஒரு வகுப்பு தவறிப்போகிறது. அவன் சூரியசக்திப் பொறியியல் பக்கமே போகவில்லை. ஒரு கண்டுபிடிப்பு தள்ளிப்போக, நடந்திருக்க வேண்டிய போர் நடக்காமல் போகிறது. இதற்குக் 'குறைந்தபட்ச அவசிய மாற்றம்' என்று பெயர்.

பட்டாசுப் பகுதியின் ஓரத்தில், ஆனைக்குட்டத்தில் இருந்து இந்தப் பிரதியை வாசிக்கிறவருக்கு முதலில் வருவது ஏக்கம்தான். இப்படி ஒரு ஆபீஸ் நமக்கு இருந்தால் என்ன? சிவகாசி வட்டாரத்தில் 1991இல் ஒரே ஆலையில் 39 பேர். 2012 செப்டம்பரில் முதலிப்பட்டியில் 30க்கும் மேல். பிறகு 2021 அச்சங்குளம், 2023 ரெங்கபாளையம், 2024 ராமுத்தேவன்பட்டி, 2025 சின்னக்காமன்பட்டி. ஒரே நாள் வேறு வேறு ஊர்ப் பெயரில் திரும்பத் திரும்ப வருகிறது. செய்தி வாக்கியமும் ஒன்றுதான்: மருந்து கலக்கும்போது உராய்வு ஏற்பட்டது. இந்த வாக்கியத்துக்கு உராய்வுதான் எழுவாய். உள்குத்தகைக்கு விட்டவர், ஆர்டரை முடிக்க அவசரப்படுத்தியவர், பார்த்தும் பார்க்காமல் போன அதிகாரி யாரும் இலக்கணத்துக்குள் வரமாட்டார்கள். இத்தனைக்கும் குறைந்தபட்ச அவசிய மாற்றம் என்னவென்று எல்லோருக்கும் தெரியும். ஓர் அறைக்கு இத்தனை பேர்தான். கலந்த மருந்தை மறுநாளைக்கு மிச்சம் வைக்கக் கூடாது. ஈரம் பட்டால் அலுமினியப் பொடி தானாகச் சூடேறும். இதைச் செய்யக் காலத்துக்கு வெளியே போக வேண்டியதில்லை.

அப்படியானால் நித்தியம் நமக்கு விடிவா? நாவலின் உள்ளமைப்பைப் பார்க்க வேண்டும். கணிப்பாளர்கள் முடிவெடுக்கிறார்கள். கைவைக்கிறவன் டெக்னீஷியன். அவனோடு பழக மற்றவர்கள் கூசுகிறார்கள். மாற்றத்தின் பழியை அவன் தலையில் இறக்கிவிட்டுத் தங்களைச் சுத்தமாக வைத்துக்கொள்கிறார்கள். பராமரிப்பு வேலை செய்கிறவர்கள் அவனுக்கும் கீழே. பெண்கள் அநேகமாக இல்லை. அமெரிக்க நாவல் ஒன்றின் இந்தத் தீட்டு நமக்கு விளக்கவுரை இல்லாமலே புரிந்துவிடுகிறது. யாருடைய காலம் திருத்தப்படுகிறதோ அவர்களிடம் இந்த ஆபீஸ் ஒரு வார்த்தை கேட்பதில்லை.

அசிமோவுக்கும் இந்த நிறுவனத்தின் மேல் சந்தேகம் உண்டு. ஆனால் அவருடைய சந்தேகம் வேறு. ஆபத்தையெல்லாம் நீக்கியதால் மனிதகுலம் கூர்மழுங்கி, நட்சத்திரங்களை எட்டாமல் அழிந்துபோகிறது என்கிறார். தொலைதூர எதிர்காலத்திலிருந்து வரும் நோயிஸ் இதை ஹார்லனுக்குச் சொல்ல, அவன் இசைகிறான். நித்தியம் இல்லாமல் போகிறது. அதன் இடத்தில் தொடங்கும் புதிய வரலாற்றின் வாசல் எது தெரியுமா? 1945இன் அணுகுண்டு வெடிப்பு. எல்லையற்ற விடுதலை ஒரு வெடியிலிருந்து பிறக்கிறது!

இங்கேதான் நாம் அசிமோவைவிட்டுப் பிரிகிறோம். பாதுகாப்பா, சாகசமா என்று அவர் இரண்டு வழி காட்டுகிறார். ஆபத்தை ஏற்கும் மனிதகுலம் என்கிறார். ஹிரோஷிமாவில் துணிந்தது ஒருவர், வெந்தது வேறொருவர். 'மழ இல்ல, வெள்ளாம இல்ல, வேற என்ன செய்ய' என்று பட்டாசு சுற்றப் போகிறவளைச் சாகசக்காரி என்று யார் சொல்வது? நித்தியத்தைக் கட்டியவர்கள் அவளைக் கேட்கவில்லை, உடைத்தவர்களும் கேட்கவில்லை.

ஆனைக்குட்டத்தில் அர்ச்சுனா நதியின் குறுக்கே ஒரு நீர்த்தேக்கம் உண்டு. ஷட்டர் ஒழுகுதுன்னு விவசாயிகள் வருசக்கணக்காக முறையிட்டார்கள். ஒழுகுவது கரையில் நிற்கிறவனுக்குத்தான் முதலில் தெரியும். ஷட்டரைத் தொடும் அதிகாரமோ எங்கோ இருக்கிறது. மருந்து அறையிலும் அப்படித்தான். கலவை சூடேறுவதை முதலில் அறிகிறவள் உள்ளே இருக்கிறவள். 'நிறுத்து, இன்னைக்கு இது போதும்' என்று அவள் சொன்னால் வேலை நிற்க வேண்டும், கூலி நிற்கக் கூடாது. அந்த உரிமைதான் நமக்கான குறைந்தபட்ச அவசிய மாற்றம். அசிமோவின் நாவலில் இதற்கு இடம் இல்லை.