லால்குடி ஜெயராமனின் வயலின்: ‘பாடும் பாணி’ என்னும் மதிப்பீடு

லால்குடி ஜெயராமனின் (1930–2013) வாசிப்பைப் பற்றிய எழுத்துகளில் ஒரு பாராட்டு தவறாமல் இடம்பெறும்: அவரது வயலின் பாடியது. இப்பாராட்டு பொய்யன்று, எனினும் அது விளக்குவதைவிட மறைப்பதே மிகுதி. வாய்ப்பாட்டை அளவுகோலாக வைத்துக் கருவியிசையை அளக்கும் பழக்கம், கருவிக்கே உரிய சாதனையைக் காணத் தவறுகிறது.

தியாகராசரின் மாணாக்கரான லால்குடி இராமையர் வழிவந்த குடும்பம் அவருடையது. தந்தை கோபாலையரே ஆசான். அக்கல்வியில் சாகித்தியம் முதலிடம் பெற்றதன் விளைவு அவரது வில்லசைவில் தெரிகிறது. கீர்த்தனையை வாசிக்கையில் சொல் முறியும் இடத்தில் வில் திரும்புகிறது; வல்லெழுத்து விழும் இடத்தில் சிறு அழுத்தம் பெறுகிறது; நெடில் நீளும்போது ஒரே இழுப்பாக நிற்கிறது. இதைக் குரலின் போலி எனல் பொருந்தாது. பாடகரின் மூச்சுக்கு எல்லை உண்டு, வில்லுக்கு அந்த எல்லை இல்லை. அவர் பின்பற்றியது குரலை அன்று, பாடலின் எழுத்தை.

இந்த நுட்பத்துக்கும் ஒரு வரம்பு உண்டு. சொல்லை முன்பே அறிந்த செவிக்கே வயலின் ‘பாடுகிறது’. 1965இல் எடின்பரோ விழாவில் அவர் வாசிப்பைக் கேட்ட அவையினர் பலருக்குச் சாகித்தியம் தெரிந்திருக்க வாய்ப்பில்லை. யெகுதி மெனுகின் தம் இத்தாலிய வயலின் ஒன்றை அவருக்கு அளித்ததும் சொல்லுக்காக இராது. நாதத்தின் தூய்மையும் கமகத்தின் அளவும் அங்கே பேசியிருக்க வேண்டும். அடுத்த ஆண்டு, 1966இல், என். இரமணியின் குழலையும் ஆர். வெங்கட்ராமனின் வீணையையும் இணைத்து அவர் அமைத்த கூட்டிசையிலும் பாடகர் இல்லை. மூன்று கருவிகள் தம்முள் உரையாடும் அந்த அமைப்பை வாய்ப்பாட்டின் நிழல் என்று எவ்வாறு வகைப்படுத்துவது?

தில்லானாக்களிலும் வர்ணங்களிலும் இது மேலும் தெளிவாகிறது. தேஷ், பாகேஸ்ரீ, மோகனகல்யாணி முதலிய இராகங்களில் அமைந்த தில்லானாக்களை இன்று ஆடலரங்குகள் தமதாக்கிக்கொண்டுள்ளன. ஸ்வரங்கள் சட்டென ஸ்தாயி தாவுவதும், தாளத்தின் இடைவெளிகளில் ஓசை நின்று மீள்வதும் விரற்பலகையில் பழகிய கையின் சிந்தனை. இங்கே திசை மாறுகிறது: வயலின் குரலைப் பின்பற்றவில்லை; வயலினில் தோன்றிய தொடரைக் குரல் பின்பற்றுகிறது. இவற்றைப் பாடக் கற்கும் மாணவருக்கு இவ்வுண்மை புலப்படும். சாருகேசி வர்ணத்தின் உருக்கம் வேறு வகையது. அங்கு தாவல் குறைவு, நீட்சியே பிரதானம்.

‘பாடும் பாணி’ என்னும் சொல் செய்யும் பெரிய தீங்கு பக்கவாத்தியம் தொடர்பானது. 12ஆம் வயதில் மேடையேறிய ஜெயராமன் அரியக்குடி, செம்பை, ஜி. என். பி., மதுரை மணி ஐயர் எனத் தம்முள் பெரிதும் வேறுபட்ட பாடகர்களுக்கு வாசித்தார். ஒவ்வொருவர்க்கும் அவர் அளித்த மறுமொழி ஒவ்வொரு விதம். பாடகரின் ஆலாபனைக்குப் பின் வரும் சில நிமிட வாசிப்பு, கேட்டதன் மீதான ஒரு விமரிசனமாகவே அமைவதுண்டு. கச்சேரி ஒலிப்பதிவுகளோ பெரும்பாலும் பாடகர் பெயரிலேயே பட்டியலிடப்படுகின்றன. தனிக்கச்சேரிகளை மட்டும் சான்றாகக் கொள்ளும் ஆய்வு, அவர் இசைவாழ்வின் முதற்பகுதியை ஏறத்தாழ முழுமையாக இழந்துவிடுகிறது. ஒரே இராகத்தை வெவ்வேறு பாடகர்களுக்குப் பின் அவர் வாசித்த பதிவுகளை அருகருகே வைத்து ஒப்பிடுவதிலிருந்து அவ்வாய்வு தொடங்கலாம்.