மாயத்திற்கும் ஒரு தவணை உண்டு

கற்பனையில் ஓர் உலகைப் படைப்பது எளிது. அவ்வுலகிற்கு ஒரு நியதியை வகுப்பது அரிது. மலை நடந்தது, கடல் பேசியது என்று எவரும் எழுதிவிடலாம். ஆனால் எதுவும் நடக்கலாம் என்றாகிவிட்ட இடத்தில் நடப்பது எதற்கும் பொருளில்லாமற் போகும். பாரசீக, உருதுக் கதை மரபு இச்சிக்கலுக்குக் கண்ட விடையே 'திலிஸ்ம்' என்னும் மாய உலகம். அத்தகைய உலகங்களுள் பெரும்புகழ் பெற்ற 'திலிஸ்மே ஹோஷ்ருபா'வை ஈண்டு நாம் ஆராயப் புகுகிறோம். உணர்வைப் பறிக்கும் மாய உலகு என்பது அப்பெயரின் பொருள்.

லக்னோவின் நவல் கிஷோர் அச்சகம் 1883 முதல் 1893 வரை இதனை ஏழு பாகங்களாக வெளியிட்டது. முதல் நான்கு பாகங்களை முஹம்மது ஹுசைன் ஜாஹும், எஞ்சியவற்றை அஹ்மது ஹுசைன் கமரும் எழுதினர். இருவரும் அவையில் கதை சொல்லிப் பெயர் பெற்ற தாஸ்தான்கோக்கள். அதே அச்சகம் 46 பாகங்களாக வெளியிட்ட அமீர் ஹம்ஸா கதைத் தொகுதியில் இது ஒரு பகுதியாகும்.

ஹம்ஸாவின் மகன் பதீஉஸ்ஸமான் வேட்டையில் மானொன்றைத் துரத்திச் சென்று, ஹோஷ்ருபாவின் எல்லையைக் கடந்து சிறைப்படுகிறான். அவ்வுலகை வெல்ல ஹம்ஸாவின் பேரன் அஸத் புறப்படுகிறான். அங்கு ஆட்சி புரிபவன் சூனியக்காரர்களின் பேரரசனான அஃப்ராஸியாப். அவன் நாடு ழாஹிர், பாத்தின், ழுலுமாத் என மூன்று கூறுபட்டது. வெளிப்படையானது, மறைவானது, இருளானது என்பன அவற்றின் பொருள்கள். வெளிப்படையான நாட்டையும் மறைவான நாட்டையும் இரத்த ஆறொன்று பிரிக்கிறது. அதன்மீது புகையாலான பாலம். அதைக் காத்து நிற்பனவும் புகைச் சிங்கங்களே. அங்கே கண்ணாற் காண்பது எதையும் நம்புவதற்கில்லை. பூத்துக் குலுங்கும் சோலை ஒருவனுடைய சூனியத்தால் நிற்பதாயிருக்கும். அவன் மாண்டதும் பட்டப்பகலில் இருள் சூழ்ந்து, புயல் வீசி, சோலையும் இல்லாமற் போகும். 'இன்னான் கொல்லப்பட்டான்' என்று ஒரு குரல் மட்டும் வானில் கேட்கும்.

இவ்வளவு நிலையற்ற உலகிலும் நிலையானது ஒன்றுண்டு. அதுவே இந்நூலின் உயிர்நாடி எனலாம். ஒவ்வொரு திலிஸ்மும் கட்டப்பட்ட பொருள். கட்டியவர் இருந்ததனால் அதற்கு ஒரு திறவுகோலும், முடிவுத் தவணையும், வெல்லப்போகிறவன் பெயரும் தொடக்கத்திலேயே குறிக்கப்பட்டுவிடுகின்றன. அதனை உடைக்கும் வழியைப் படிப்படியாக உரைக்கும் பலகைக்கு 'லவ்ஹு' என்று பெயர். அஃப்ராஸியாபிடம் நடப்பதைக் கூறும் ஸாமிரியின் ஏடு இருக்கிறது. ஆயினும் வரவிருக்கும் தவணையை அவனால் விலக்க முடிவதில்லை. ஸாமிரி என்ற பெயரை இங்கே வைத்தது தற்செயலன்று. கன்று ஒன்றை வார்த்து, அதனைக் கத்த வைத்து ஒரு கூட்டத்தையே மயக்கியவனின் வரலாற்றை நாம் திருக்குர்ஆனின் 'தாஹா' அத்தியாயத்தில் அறிவோம். உயிரின்றி உயிர்போல் தோன்றுவதே சூனியம் என்ற கருத்தை ஒரு பெயரிலேயே இக்கதை அடக்கிவிடுகிறது.

சூனியத்தை எதிர்ப்போருள் முதன்மையானவன் உமர் அய்யார். அவன் சூனியமறியாதவன், வேடமும் மதியூகமும் கொண்டே பெரும் சூனியக்காரர்களை வீழ்த்துகிறான். பொய்த்தோற்றத்தில் வாழ்ந்து பழகிய அவர்களுக்கு எதிரே நிற்கும் பணிப்பெண் மெய்யா வேடமா என்று தெரிவதில்லை. தம் வலையிலேயே தாம் விழும் இந்நகைச்சுவையைக் கதைஞர்கள் நன்கு கையாண்டுள்ளனர்.

ஆனால் நூலின் குறைகளையும் மறைப்பதற்கில்லை. ஏறக்குறைய எட்டாயிரம் பக்கங்களில் ஒரே வகைச் சூழ்ச்சி மீண்டும் மீண்டும் வருகிறது. சூனியம் வெறும் மாயை என்று முழங்கும் கதையில், அஸதின் பக்கம் சேர்ந்த அரசி மஹ்ருக்கும் அவளைச் சேர்ந்தோரும் செய்யும் சூனியமே அவன் படைக்கு அரணாகிறது. கதை தன் கொள்கையைத் தானே மீறும் இடம் இது. எதிரிகள் எளிதில் மடிவதும், மாண்டவர்க்காக எவரும் ஒரு சொட்டுக் கண்ணீர் சிந்தாததும் நம் மனத்தை உறுத்தாமலில்லை.

மற்றொரு தடையும் உண்டு. உஹதுப் போர்க்களத்தில் ஷஹீதான ஹம்ஸா (ரலி) அவர்களின் திருப்பெயரைத் தாங்கி வருகிறான் இக்கதைத் தலைவன். பெயருக்கு அப்பால் அப்பெருமகனாரின் வரலாற்றுக்கும் இக்கதைக்கும் தொடர்பில்லை. இரண்டையும் குழப்புவது வரலாற்றுக்கும் தீங்கு, கதைக்கும் தீங்கு.

கடைசிப் பாகம் வெளியான அதே 1893 இல், மௌலானா ஹாலி தம் புகழ்பெற்ற முன்னுரையில் உருதுக் கவிதையின் மிகையையும் பொய்யையும் கண்டித்தார். அந்த அளவுகோல் பரவியபின் தாஸ்தான்கள் குழந்தைகளுக்குரியவை எனத் தள்ளப்பட்டன. கடைசிப் பெரும் தாஸ்தான்கோவான தில்லி மீர் பாகிர் அலி 1928 இல் மறைந்ததோடு மரபும் அறுந்தது. 2020 இல் மறைந்த ஷம்சுர் ரஹ்மான் ஃபாரூகி அதனை மறுஆய்வுக்குக் கொணர்ந்தார். தாஸ்தான் செவிக்குரியது, நாவலின் சட்டத்தால் அதனை அளக்கலாகாது என்பது அவர் வாதம். கதையை ஓரிடத்தில் நிறுத்தி, வருணனையால் காலத்தையே நீட்டுவது தாஸ்தான்கோவின் தனித்திறம். எழுத்தில் அலுப்பாய்த் தோன்றும் அது, அவையில் ஆவலை வளர்த்திருக்கும். 2005 முதல் தில்லியில் இக்கலை மீண்டும் மேடையேறியதும் அவ்வாதத்திற்கு வலுவூட்டியது. எனினும் செவிக்குரியது என்ற காரணம் திரும்பத் திரும்ப வருவதை மன்னிக்குமேயன்றி, மேற்சொன்ன கொள்கை முரணை மன்னிக்காது என்பது நம் கருத்து.

கிஸ்ஸாக்களையும் படைப்போர்களையும் செவியால் கேட்டு வளர்ந்த நம் குடும்பங்களுக்கு இச்சுவை புதிதன்று. பொய்யைப் பொய்யென்று அறிவித்துவிட்டுச் சொல்லப்படும் கதையால் பிள்ளைகள் கெட்டுவிட மாட்டார்கள். மெய்யென்று நம்பவைக்கும் பொய்தான் கெடுக்கும். ஹோஷ்ருபா முதல் வகையைச் சேர்ந்தது. கண்ணெதிரே நிற்கும் கோட்டையைப் பார்த்து, 'இதைக் கட்டியவர் யார், இதன் தவணை எதுவரை?' என்று கேட்க அது கற்றுத் தருகிறது. வீட்டில் பெரியவர் ஒருவர் பெயரின் வரலாற்றை முதலில் எடுத்துரைத்து, அலுப்பூட்டும் பகுதிகளைத் தள்ளி, நாளுக்கு ஓர் அத்தியாயமாகச் சொல்லிவருவாராயின், அந்தக் கேள்வி பிள்ளைகள் மனத்தில் தானே முளைக்கும்.