பரிணமிப்பதா, கூர்வதா?

சுயமரியாதைத் திருமண அழைப்பிதழ் ஒன்றை எடுத்துப் பாருங்கள். "அன்புகூர்ந்து வருகை தருக" என்றொரு தொடர் அதில் இருக்கும். அந்தத் தொடரிலே ஒருமுறை தலைகாட்டிவிட்டு, இரங்கற் கூட்டத்திலே 'நினைவுகூர்ந்து' ஒருமுறை எட்டிப் பார்த்துவிட்டு, பிறகு அகராதிக்குள்ளே அடங்கிவிடுகிற வினைச்சொல் ஒன்று நம்மிடம் உண்டு. கூர் என்பது அது. நாம் அழைப்பிதழுக்கென்று ஒதுக்கிவைத்துவிட்ட இச்சொல், ஈழத்துப் பள்ளிகளிலே டார்வினின் கொள்கையைச் சுமந்து நிற்கிறது. இலங்கைத் தமிழ் மாணவன் உயிரியல் நூலைத் திறந்தால், அங்கே 'கூர்ப்பு' இருக்கிறது. உயிரினங்கள் 'கூர்ப்படைந்தன' என்று படிக்கிறான். தமிழ்நாட்டு மாணவன் திறந்தால், 'பரிணாமம்' இருக்கிறது. உயிரினங்கள் 'பரிணமித்தன' என்று படிக்கிறான்.

சொல் எதுவாயிருந்தால் என்ன, பொருள் விளங்கினால் போதாதா என்று கேட்பார் உளர். போதும், மறுக்கவில்லை. பொருள் விளங்கியிருக்கிறதா என்பதுதான் நம் கேள்வி.

2018 ஜனவரியில், ஒன்றிய அரசின் மனிதவள மேம்பாட்டுத் துறை இணையமைச்சராயிருந்த ஒருவர், குரங்கு மனிதனாக மாறியதைக் கண்டதாக நம் முன்னோர் எவரும் சொன்னதுமில்லை, எழுதிவைத்ததுமில்லை. ஆகவே டார்வின் கொள்கை தவறு. பாடநூல்களை மாற்ற வேண்டும் என்று பேசினார். நாட்டின் மூன்று அறிவியல் கழகங்கள் கூடி மறுப்பு அறிக்கை விட்டன. நாமும் நகைத்தோம். நகைத்து முடித்த பிறகு, நம் முகத்தையும் ஒருமுறை கண்ணாடியிலே பார்த்திருக்க வேண்டும். ஒரு குரங்கு ஒரு நாள் மனிதனாக மாறிற்று என்று டார்வின் சொன்னாரா? எந்த உயிரியல் நூல் சொல்கிறது? மனிதனும் இன்றுள்ள குரங்குகளும் ஒரு பொது மூதாதையின் கிளைவழிகள் என்பதல்லவா கொள்கை! ஆனால் நம் மேடைகளிலேயே, "குரங்கு மனிதனாகப் பரிணமித்தது" என்று முழங்குகிற தோழர் எத்தனை பேர்! அமைச்சர் எதை மறுத்தாரோ, அதையே நாம் அறிவியல் என்று பறைசாற்றிக்கொண்டிருக்கிறோம். மறுத்தவர்க்கும் ஏற்றவர்க்கும் பிழை ஒன்றே. அது இலக்கணப் பிழை. வினைக்கு உரிய எழுவாய் எது என்று அறியாத பிழை.

எழுவாய் எது?

இங்கிலாந்திலே மிளகுத் தூள் தூவினாற்போன்ற புள்ளிகளையுடைய வெளிறிய அந்துப்பூச்சி ஒன்றுண்டு. வெளிறிய மரப்பட்டைமீது அமர்ந்தால் பறவையின் கண்ணுக்குத் தப்பும். ஆலைகள் எழுந்தன, புகை படிந்தது, பட்டைகள் கருத்தன. 1848-இல் மான்செஸ்டர் நகரிலே அவ்வினத்தின் கரிய பூச்சி ஒன்று பதிவாயிற்று. 1895-இல் அப்பகுதியிலே நூற்றுக்குத் தொண்ணூற்றெட்டு கரியவையாயிருந்தன. 1956-இல் தூய காற்றுச் சட்டம் வந்து, புகை குறையக் குறைய, கரியவை அருகி வெளியவை மீண்டும் பெருகின.

இதிலே எந்தப் பூச்சி மாறிற்று? ஒன்றும் மாறவில்லை! வெளிறிய பூச்சி வெளிறியதாகவே பிறந்து வெளிறியதாகவே மடிந்தது. கரிய பூச்சி கரியதாகவே பிறந்தது. பறவை கண்டு கொத்தியவை குறைந்தன. காணாது விட்டவை குஞ்சுகளைப் பெருக்கின. தலைமுறைதோறும் கூட்டத்தின் கணக்கு மாறிற்று. இந்த வினைக்கு எழுவாய் தனி உயிரன்று. தலைமுறைகளாகத் தொடரும் கூட்டம். தனி உயிர் பிறக்கும், வளரும், சாகும். கூட்டத்துக்கு நேர்வது வேறு.

இது புலவர் சண்டையன்று, தோழர்களே, உயிர்ப் பிரச்சினை. நோய்க்கிருமிகளைக் கொல்லும் மருந்து இப்போது வேலை செய்வதில்லை என்பதற்கு, "உடம்பு மருந்துக்குப் பழகிவிட்டது" என்று நம் வீடுகளிலே சொல்கிறார்கள். 2015-இல் உலக நலவாழ்வு நிறுவனம் இந்தியா உட்பட 12 நாடுகளில் வினவியபோது, விடை சொன்னவர்களில் நான்கில் மூன்று பங்கினர் இவ்வாறே எண்ணியிருந்தனர். பழகியது உடம்பன்று. மருந்துக்கு அஞ்சாத கிருமிகள் சில முன்னரே இருந்தன, அல்லது பெருக்கத்தின்போது தோன்றின. ஏனையவை மருந்தால் மடிய, இவை பெருகின. எழுவாய் உடம்பு என்று எண்ணுகிறவன், "நான் அடிக்கடி விழுங்குவதில்லையே, எனக்கென்ன?" என்பான். எழுவாய் கிருமிக் கூட்டம் என்று அறிந்தவன், தான் தேவையின்றி விழுங்கும் மாத்திரை பக்கத்து வீட்டுக் குழந்தையின் உயிரோடும் தொடர்புடையது என்று உணர்வான்.

சொல்லுக்குள்ளே ஒரு தத்துவம்

இப்போது 'பரிணமி' என்னும் சொல்லைப் பார்ப்போம். செய்தித்தாளிலே அது எப்படி வழங்குகிறது? தொண்டர் தலைவராகப் பரிணமிக்கிறார். நகைச்சுவை நடிகர் குணச்சித்திர நடிகராகப் பரிணமிக்கிறார். எப்போதும் ஓர் ஆள்; எப்போதும் மேல்நோக்கிய ஏற்றம். இது வழக்கின் கோளாறு மட்டுமன்று. சொல் பிறந்த இடத்திலேயே அதன் வித்து இருக்கிறது. சாங்கிய தத்துவத்திலே, பிரகிருதி என்னும் மூலப்பொருள் பரிணமித்து உலகமாகிறது. பால் தயிராவது அதற்கு வழக்கமான உவமை. காரியம் காரணத்துக்குள்ளேயே முன்னரே அடங்கியிருக்கிறது, பின்னர் வெளிப்படுகிறது, புதிதாக ஒன்றும் தோன்றுவதில்லை என்பது அக்கொள்கை. தத்துவமாக அதை ஆராய்வார் ஆராய்க. டார்வின் சொன்னதோ இதன் நேர் எதிர்! உள்ளே எழுதிவைத்த திட்டமுமில்லை. போய்ச் சேரவேண்டிய ஊருமில்லை.

ஆங்கிலச் சொல் மட்டும் குற்றமற்றதோ என்று வினவலாம். நியாயமான வினா. 'எவல்யூஷன்' என்பதற்கு மூலமான லத்தீன் வினைக்குச் சுருளை விரித்தல் என்பது பொருள். சுருளிலே முன்பே எழுதப்பட்டிருப்பதுதான் விரிக்கையில் தெரியும். கருவுக்குள்ளே முழு உயிரும் சிறு வடிவில் அடங்கியிருக்கிறது, அது விரிகிறது என்று எண்ணிய 18-ஆம் நூற்றாண்டு அறிஞர்கள் அச்சொல்லை ஆண்டனர். 1859-இல் வெளிவந்த 'உயிரினங்களின் தோற்றம்' முதற் பதிப்பிலே டார்வின் அந்தப் பெயர்ச்சொல்லை ஆளவேயில்லை. 'மாறுதலோடு கூடிய மரபுவழி' என்பதே அவர் விரும்பிய தொடர். அதன் வினைவடிவம் மட்டும் அந்நூலின் கடைசிச் சொல்லாக ஒரே இடத்தில் நிற்கிறது. உலகம் அச்சொல்லையே பற்றிக்கொண்டபின், 1872-இல் வந்த ஆறாம் பதிப்பில் அவரும் அதை ஏற்றார். ஆங்கிலத்தில் அச்சொல்லின் பழம்பொருளைப் பாடமும் ஆய்வும் விவாதமும் பெரிதும் தேய்த்துவிட்டன. நம் நாட்டிலோ பழம்பொருள் தேயவில்லை. கதாகாலட்சேப மேடையிலே உயிரோடு உலவுகிறது.

உலவுவதன் பலன் யாது? மீன், ஆமை, பன்றி, சிங்கமுக மனிதன், குள்ளன் என்று தசாவதாரத்தை வரிசைப்படுத்தி, "டார்வினுக்கு முன்பே எங்கள் புராணம் பரிணாமத்தைச் சொல்லிவிட்டது" என்கிறார்கள். இந்த ஒப்புமை பழைய பனையோலையில் கிடைத்ததன்று. பின்னாளில் சென்னை அடையாற்றைத் தலைமையிடமாகக் கொண்ட பிரம்மஞான சபையின் நிறுவனர்களுள் ஒருவரான பிளாவட்ஸ்கி அம்மையார் 1877-இல் வெளியிட்ட நூலில் இருக்கிறது. டார்வின் நூல் வந்து 18 ஆண்டு கழித்து! ஒரே கடவுள் வேண்டும்போது வேண்டும் வடிவெடுப்பதற்குப் பெயர் பரிணாமமானால், மாறுபாடு எங்கே? மரபுவழி எங்கே? தேர்வு எங்கே? ஆயினும் கேட்பவர் தலையாட்டுகிறார். ஏன்? 'உள்ளிருப்பது வெளிப்படுகிறது' என்னும் பொருளை அந்தச் சொல்லே அவர் காதில் ஓதிவிட்டது.

இன்னொன்றையும் அது ஓதுகிறது. முகத்திற் பிறந்தவன், தோளிற் பிறந்தவன், தொடையிற் பிறந்தவன், காலிற் பிறந்தவன் என்ற வருணக் கதைக்கு அடித்தளம் யாது? ஒவ்வொருவனுக்கும் பிறவியிலேயே ஒரு மாறாத சாரம் உண்டு. வாழ்க்கை அதை வெளிக்காட்டுகிறது என்பதுதானே! டார்வின் அந்தச் சாரத்தைத்தான் உடைத்தார். கூட்டத்துக்குள்ளே வேறுபாடு இயல்பு; வகைக்கு மாறாத அச்சு இல்லை என்றார். சாதியை எதிர்க்கிற இளைஞனுக்கு இதைவிட வேறென்ன கருவி வேண்டும்? கருவியின் பெயரிலேயே பழைய சாரத்தைப் பூசிவைத்தால், அது யார் கைக்குப் பயன்படும்?

'வளர்ச்சி'யும் 'தகுதி'யும்

'பரிணாம வளர்ச்சி' என்ற இரட்டைச் சொல்லும் பெருகிவிட்டது. இருட்குகை நீரில் வாழும் மீன்களுட் சில தலைமுறைகளினூடே கண்ணை இழந்தன. குடலில் வாழும் நாடாப்புழுவுக்குத் தனக்கென ஒரு குடலே இல்லை. இவையும் அதே நிகழ்ச்சியின் விளைவுகள்தாம். இவற்றிலே வளர்ந்தது எது?

அடுத்தது, 'தகுதியுள்ளது பிழைக்கும்' என்ற மொழிபெயர்ப்பு. மூலத்தொடர் டார்வினுடையதன்று, 1864-இல் ஹெர்பர்ட் ஸ்பென்சர் படைத்தது, 1869-இல் வந்த ஐந்தாம் பதிப்பில்தான் டார்வின் அதை ஏற்றார். அதை நாம் 'தகுதி' என்று பெயர்த்ததும், 'தகுதி, திறமை' என்று சொல்லி வகுப்புவாரி உரிமையை எதிர்ப்போர் கைக்கு இயற்கையின் முத்திரையையும் சேர்த்துக் கொடுத்தோம். கண்ணிழந்த மீனுக்கு என்ன தகுதிச் சான்றிதழ்? அந்தக் குகைக்கு அது பொருந்தியது, குஞ்சுகளை விட்டுச் சென்றது, அவ்வளவே! 'பொருந்தியது எஞ்சும்' என்று எழுதினால் பொருளும் கெடாது, பகைவனுக்குப் படைக்கலமும் ஆகாது.

கூர்தல் என்ன சொல்கிறது?

இனி, 'கூர்' என்ற வினைக்கு வருவோம். தொல்காப்பியம் சொல்லதிகாரத்தின் உரியியல், கூர்ப்பு என்பதற்கு முன்பே உள்ள ஒன்று மிகுதல் என்று பொருள் காட்டுகிறது. அன்பு கூர்தல் என்பதும் உவகை கூர்தல் என்பதும் அவ்வாறு மிகுவதையே சொல்கின்றன. மான்செஸ்டர்ப் பூச்சியை மீண்டும் எண்ணிப் பாருங்கள். கரியது சிலவாக இருந்தது, பலவாக மிகுந்தது. கரியது கூர்ந்தது! தனிப் பூச்சி கூராது. கூட்டத்திலே ஒரு வகை கூரும். மருந்துக்கு மடியாத கிருமி கூரும். எழுவாயைச் சரியான இடத்திலே உட்காரவைக்கிற வினை இது. அதனால்தான் இதை விரும்புகிறோம்.

பழைமையானது என்பதற்காக விரும்பவில்லை. தனித்தமிழ் என்பதற்காக மட்டுமும் விரும்பவில்லை. இந்த இடத்திலே நம் அணியினர் சிலரோடும் வழக்காட வேண்டியிருக்கிறது. கூர்ப்பு என்ற சொல் தொல்காப்பியத்தில் இருப்பதைக் காட்டி, டார்வின் கொள்கையைத் தொல்காப்பியர் அன்றே அறிந்தார் என்று மார்தட்டுவோர் உண்டு. அதே நூற்பாவில் கூர்ப்போடு 'கழிவு' என்ற சொல்லும் வருவதைக் கண்டு, "இதோ மிகுதல், இதோ அழிதல்" என்று துள்ளுவோரும் உண்டு. அங்கே கழிவுக்கும் மிகுதி என்பதே பொருள், அழிவன்று. மரபியல் புல்லையும் மரத்தையும் ஓரறிவுயிராக வைத்து, மக்களை ஆறறிவுயிராக வைக்கிறது. நுண்ணிய பாகுபாடு, போற்றத்தக்கது. ஆனால், ஒன்றிலிருந்து ஒன்று கிளைத்தது என்று அது எங்கும் சொல்லவில்லை. அவதாரக் கதைக்காரரை நகைத்த அதே வாயால் நாம் இந்தக் கதையைச் சொன்னால், நம் பகுத்தறிவுக்கு என்ன மதிப்பு? முன்னோர் அறிந்ததை அறிந்தார்கள், அறியாததை அறியவில்லை. அவர்கள் செய்துவைத்த சொல்லை நாம் புதுவேலைக்கு எடுத்துக்கொள்கிறோம். அதிலே பெருமைப்பட நியாயமுண்டு. பொய் சொல்ல நியாயமில்லை.

கூர்தலுக்கும் குறை உண்டு. கூர்மை என்ற உறவுச்சொல் பக்கத்திலேயே நிற்பதால், மேன்மேலும் தீட்டப்படுவது போன்ற மயக்கம் எழலாம். புதிய மாறுபாடு முதன்முதல் தோன்றுவதை இச்சொல் சொல்லாது. தோன்றியது மிகுவதை மட்டுமே சொல்லும். ஒரு சொல் ஒரு கொள்கை முழுவதையும் சுமக்க முடியாது. மொழி கருவி என்றார் பெரியார். 1935-இல் 'குடி அரசு' ஏட்டில் எழுத்தையே திருத்தி அச்சிட்டுக் காட்டினார். அந்த ஏட்டிலேதான் ம. சிங்காரவேலர் தொழிலாளிக்கும் விளங்கும்படி அறிவியல் கட்டுரைகளை எழுதிவந்தார். கருவியின்மேல் காதல் கொள்வது அவர்கள் வழியன்று. கருவி வெட்டுகிறதா என்று பார்ப்பதே அவர்கள் வழி.

ஆகவே, பாடநூலில் பரிணாமம் இருக்கிறதே என்று போர்க்கொடி தூக்கச் சொல்லவில்லை. அதைவிடப் பெரிய இழப்பு நம் கண்ணெதிரே நடந்திருக்கிறது. 2023-இல் என்.சி.இ.ஆர்.டி. தன் பத்தாம் வகுப்பு அறிவியல் நூலின் 'மரபும் பரிணாமமும்' என்ற பாடத்திலிருந்து பரிணாமத்தையே நீக்கி, 'மரபு' என்ற தலைப்பை மட்டும் விட்டுவைத்தது. பெருந்தொற்றுக் காலத்துச் சுமைக் குறைப்பு என்று தொடங்கியது நிலைத்த நீக்கமாயிற்று. 1,800-க்கு மேற்பட்ட அறிவியலாளரும் ஆசிரியரும் எதிர்த்துக் கையொப்பமிட்டனர். பதினொன்றாம் வகுப்பில் உயிரியலை எடுக்காத மாணவனுக்குப் பத்தாம் வகுப்போடு அந்த வாயில் அடைபடுகிறது. அவனுக்குப் பரிணமிப்பதுமில்லை, கூர்வதுமில்லை!

அடைத்த வாயிலைத் திறக்கும் வேலை நம் படிப்பகங்களுக்கு உண்டு. அடுத்த கூட்டத்திலே ஒரு தோழர் எழுந்து, குரங்கு மனிதனான கதையைச் சொல்லாமல், மான்செஸ்டர்ப் பூச்சியின் கதையைச் சொல்லட்டும். கேட்போரைப் பார்த்து, "இதிலே மாறியது எது?" என்று வினவட்டும். விடை வரும்வரை காத்திருக்கட்டும். ஒருவர் எழுந்து, "பூச்சி மாறவில்லை, கூட்டம் மாறிற்று" என்று சொல்வாரானால், அதை அவர் பரிணாமம் என்று அழைத்தாலும் கூர்தல் என்று அழைத்தாலும் நமக்கு வழக்கில்லை.